தவளம் போன தடம்

மலைநாட்டில் நெல் விளையும், பாக்கு விளையும், மிளகும் ஏலமும் விளையும். உப்பு விளையாது. கண்டி அரசர்களுக்கு வெளியிலிருந்து வந்த நெருக்கடிகளில் பெரும் பங்கு இந்த ஒரு குறையைப் பிடித்துக்கொண்டு வந்ததுதான். கரையோரம் முதலில் போர்த்துக்கீசர் கையில் இருந்தது, பிறகு ஒல்லாந்தர் கைக்குப் போனது, அதன் பிறகு ஆங்கிலேயருக்கு. 1766இல் ஒல்லாந்தர் கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கனிடம் வற்புறுத்தி எழுதி வாங்கிய உடன்படிக்கையோடு தீவைச் சுற்றியுள்ள கரை முழுவதும் அவர்களுடையதாயிற்று. அந்தத் தாளில் கண்டிக்கு மிஞ்சிய சலுகைகளில் ஒன்று, மேற்கே சிலாபம், புத்தளம் பக்கத்திலும் தென்கிழக்கே லேவாய் எனப்படும் உப்பளங்களிலும் கண்டியர் போய் உப்பு அள்ளிக்கொள்ளலாம் என்பது. அள்ளலாம், சரி. அள்ளியதை மலையேற்றுவது யார்?

எங்கள் ஆட்கள் ஏற்றினார்கள். பொதிமாட்டு வரிசைகளில், தவளம் தவளமாக.

நான் கலகெதரைக்குப் பக்கத்து மடிகேக்காரன். கண்டியில் வரலாறு படிப்பித்து ஓய்வுபெற்றவன். எங்கள் மூத்தாப்பாவுக்கு இரட்டை மாட்டுக் கரத்தைகள் இருந்தன, வாப்பாவுக்கு ஒரு லொறி இருந்தது. மூத்தாப்பாவின் முன்னோர்களுக்குத் தவளம் இருந்தது. கையிலிருந்த வாகனம் மாறினாலும் எங்கள் வீட்டுத் தொழில் நூறு, இருநூறு வருஷமாக ஒன்றுதான்: ஒரு ஊர்ச் சாமானை இன்னொரு ஊருக்குச் சிந்தாமல் கொண்டு சேர்ப்பது. பள்ளிக்கூடத்தில் நான் படிப்பித்த வரலாற்றில் அரசர்கள் வந்தார்கள், யுத்தங்கள் வந்தன, உடன்படிக்கைகள் வந்தன. அந்த அரசர்கள் தின்ற சோற்றில் உப்புப் போட்டவர்கள் வரவில்லை. அவர்களைப் பற்றித்தான் இங்கே எழுதுகிறேன். அவர்களின் மார்க்கம், அவர்களின் தலைமை, தாங்கள் கண்டிக்காரர் என்ற அவர்களின் நிச்சயம் ஆகிய மூன்றும் ஒரே பாதையில் எப்படிச் சேர்ந்து நடந்தன, எந்த இடத்தில் பிரிந்தன என்பதே விஷயம்.

முதலில் அந்தப் பாதைகளைப் பார்க்க வேண்டும். கண்டி ராஜ்யத்தில் சக்கரம் ஓடும் றோட்டு இல்லை. இல்லாமல் போனது சோம்பலால் அல்ல. அகன்ற பாதை எதிரியின் பீரங்கிக்கு வழிவிடும் என்பது அரசர்களுக்குத் தெரியும். 1660இல் சிறைபிடிக்கப்பட்டு ஏறத்தாழ இருபது வருஷம் இந்த மலைகளில் கிடந்த ராபர்ட் நொக்ஸ், ஒற்றையடிப் பாதைகளையும் அவற்றின் குறுக்கே முட்களால் கட்டிய கதவுகளையும் காவலர்களையும் பற்றி 1681இல் அச்சான தன் நூலில் விரிவாக எழுதியிருக்கிறான். அப்படிப்பட்ட நாட்டில் பாரம் நகர வேண்டுமானால் மனிதன் தோள் கொடுக்க வேண்டும், அல்லது மாடு முதுகு கொடுக்க வேண்டும். இரண்டு பக்கமும் பொதி தொங்க, ஒன்றின் பின் ஒன்றாக, ஒரு மாடு அகலமுள்ள பாதையில் தவளம் போகும். கலகெதரைக் கணவாய் இறங்கிக் குருநாகல் வழியாகப் புத்தளத்துக்கு ஒரு தடம். மகாவலியைத் தொடர்ந்து பிந்தென்னைக் காட்டுக்குள் புகுந்து மட்டக்களப்புக்கும் கொட்டியாரத்துக்கும் ஒரு தடம். இறங்கும்போது பாக்கு, மிளகு, தேன்மெழுகு. ஏறும்போது உப்பு, கருவாடு, துணி.

இதை அரசு சும்மா விட்டுவைக்கவில்லை. கண்டி ஆட்சியில் தொழில் வாரியாக 'பத்த' என்ற திணைக்களங்கள் இருந்தன. கம்மாளருக்கு ஒன்று, குயவருக்கு ஒன்று. அவற்றில் பொதிமாட்டுக்கு உரியது மடிகே பத்த. மடிகேயைச் சேர்ந்த குடும்பத்துக்குக் காணி உண்டு. அந்தக் காணிக்கு ஈடாக அரசனின் நெல்லைக் களஞ்சியம் சேர்க்க வேண்டும், சொன்ன காலத்துக்கு மாட்டோடு ஆஜராக வேண்டும். அந்தக் கடமை தீர்ந்த பிறகு சொந்த வியாபாரம் செய்யலாம். கண்டி முறைமையைப் பதிவு செய்த ஆங்கிலேய அதிகாரி ஜோன் டொய்லி இந்த ஏற்பாட்டைத் தன் குறிப்புகளில் எழுதிவைத்தார். மடிகேயில் எல்லோரும் முஸ்லிம்கள் அல்ல, சில இடங்களில் சிங்களக் குடிகளும் இருந்தார்கள். ஆனால் மலைநாட்டின் உள்ளே இந்தத் தொழில் பெரும்பாலும் எங்களவர் கையில் இருந்தது. இன்றும் குருநாகலுக்குப் பக்கத்தில் மடிகே மிதியால, கலகெதரையில் மடிகே என்று முஸ்லிம் ஊர்கள் நிற்கின்றன.

இவர்கள் எப்படி இங்கே வந்தார்கள்? 1626இல் போர்த்துக்கீசர் தம் பகுதிகளிலிருந்து முஸ்லிம்களைத் துரத்தியபோது செனரத் மன்னன் அவர்களை ஏற்று, நாலாயிரம் பேரை மட்டக்களப்பில் குடியேற்றினான் என்று போர்த்துக்கீசப் பாதிரியார் குவேரோஸே எழுதியிருக்கிறார். மலைநாட்டுக் கிராமங்களில் குடியேறியோரும் உண்டு. அக்குறணையில் வேறு கதை சொல்வார்கள். ராஜசிங்கன் காலத்தில் மூன்று அரபிகள் கண்டிக்கு வந்து சிங்களப் பெண்களைக் கட்டினார்கள், அரசன் அவர்களுக்கு அக்குறணையைக் கொடுத்தான் என்பது அந்தக் கதை. நீதிபதி லோரி 1890களில் தொகுத்த மத்திய மாகாண விவரத் திரட்டிலும் அது ஏறியிருக்கிறது. மூன்று அரபிகள் உண்மையோ பொய்யோ, சிங்களப் பெண்கள் உண்மை. எங்கள் ஊர்க் குடும்பங்களுக்கு இன்றும் 'கெதர' என்று முடியும் சிங்கள வீட்டுப் பெயர்கள் இருக்கின்றன. காணி உறுதியில் முதலில் கெதரவின் பெயர் வரும், பிறகுதான் மரிக்காரோ லெப்பையோ வரும். வீட்டில் தமிழ், வெளியில் சிங்களம், தொழுகையில் அரபு. இதில் ஒன்று மற்றதைத் தள்ளியதாக எங்கள் உம்மம்மா ஒரு நாளும் நினைத்ததில்லை.

மார்க்கத்துக்கு வருகிறேன். பயணியின் தொழுகை சுருங்கும், நான்கு ரக்அத் இரண்டாகும். வருஷத்தில் பாதியைப் பாதையில் கழித்தவர்களுக்கு இது சட்டப் புத்தகத்து வரி அல்ல, அன்றாடம். ஸுபஹுக்கு முன் எழும்புவது, தொழுதுவிட்டுப் பொதியேற்றுவது, வெயில் ஏறுமுன் நடப்பது, நடுப்பகலில் மாட்டை அவிழ்த்து மேயவிடுவது, மஃரிபுக்குள் அம்பலம் ஒன்றைப் பிடிப்பது. அம்பலம் என்பது வழிப்போக்கர் தங்கச் சிங்களக் கிராமத்தார் கட்டிவைத்த மண்டபம். மரச் செதுக்கலுக்குப் பேர்போன பனாவிட்டிய அம்பலத்தை இன்றும் ஆட்கள் போய்ப் பார்க்கிறார்கள். அதே மாதிரி அம்பலங்களில் பௌத்த யாத்திரிகர் ஒரு மூலையிலும் தவளக்காரர் மறு மூலையிலும் படுத்தார்கள். வெளியே மாடுகள் அசைபோட்டுக்கொண்டிருக்கும்.

காட்டுப் பாதையில் நடந்தவர்களுக்குப் பெரிய துணை முஹியித்தீன் ஆண்டகைதான். பலாங்கொடைக்கு அப்பால் கூரகலை மலையில் உள்ள தப்தர் ஜெய்லானி அந்த அப்துல் காதிர் ஜீலானி நாயகத்தின் பெயரால் நினைக்கப்படும் இடம். பயணம் நல்லபடி முடிந்தால் மௌலூது ஓதி நேர்ச்சைச் சோறு ஆக்குவது எங்கள் ஊர் வழக்கம். அந்தச் சோறு பக்கத்துச் சிங்கள வீடுகளுக்கும் போகும், அங்கிருந்து புத்தாண்டுக்குக் கொக்கிஸும் பலகாரமும் வரும். கண்டி நகரத்தில் மீரா மக்காம் பள்ளிக்கு நிலம் கொடுத்தது அரசன் என்பதே ஊர் வழக்கு.

இதைவிட வலுவான எழுத்துச் சாட்சி நொக்ஸிடம் உண்டு. கண்டியில் முஸ்லிம்களுக்கு ஒரு பள்ளி இருந்தது என்றும், முந்தைய அரசன் ஒருவனின் கட்டளைப்படி காணிக்காரர் ஒவ்வொருவரும் அதற்கு ஒரு பணம் கொடுக்க வேண்டியிருந்தது என்றும், அதை வசூலிக்க முஸ்லிம்கள் வீடு வீடாகப் போனார்கள் என்றும் அவன் எழுதுகிறான். பௌத்த அரசனின் நாட்டில் பள்ளிவாசலுக்கு வரி. இந்தப் பகுதியை நான் வகுப்பில் வாசித்துக் காட்டும்போது பிள்ளைகள், சிங்களப் பிள்ளைகளும்தான், இன்னொரு தரம் வாசிக்கச் சொல்வார்கள்.

எல்லாம் பாலும் தேனுமாக இருந்தது என்று சொல்ல வரவில்லை. 1344இல் இந்தத் தீவுக்கு வந்த இப்னு பதூதா, பாவா ஆதம் மலைக்குப் போகும் வழியில் குனகார் என்ற தலைநகருக்கு வெளியே ஷீராஸ் ஊர் ஷெய்க் உஸ்மான் என்பவரின் பள்ளியைக் கண்டார். அந்த நகரம் கம்பளை என்பாரும் உண்டு, குருநாகல் என்பாரும் உண்டு. யாத்திரிகருக்கு மலைக்கு வழிகாட்டியவர் அந்த ஷெய்க். ஒருமுறை பசுவை அறுத்தார். அந்நாட்டுச் சட்டப்படி அதற்குத் தண்டனை மரணம். ஊர் மதித்த மனிதர் என்பதால் உயிரை விட்டுவிட்டு ஒரு கையையும் ஒரு காலையும் வெட்டினார்கள். கூடவே ஒரு சந்தையின் வருமானத்தை அவருக்கு எழுதிக் கொடுத்தார்கள். அரசனும் மக்களும் அவரைத் தொடர்ந்து போய்ப் பார்த்து வந்தார்கள், அவருடைய பிள்ளைகள் வழிகாட்டும் வேலையைத் தொடர்ந்தார்கள். இந்தக் கதையில் கொடுமையும் உண்டு, மரியாதையும் உண்டு. எல்லை எங்கே என்று இரு தரப்புக்கும் தெரிந்திருந்தது. எல்லையை மீறியவனுக்கும் ஊரில் இடம் இருந்தது. மாட்டைக் கொண்டு பிழைத்த எங்களவர், மாட்டைப் புனிதமாகக் கண்ட நாட்டில் பல நூற்றாண்டு வாழ்ந்தது இந்தத் தெளிவோடுதான்.

அந்தத் தெளிவைக் காப்பது தலைவனின் வேலை. தவளத்தின் முன்னால் போகிறவர் சும்மா வழிகாட்டி அல்ல. எங்கள் மூத்தாப்பா கரத்தைக்காரராக இருந்தும் தவளத்துச் சட்டத்தையே பேசுவார்: "மகன், மாடு வயல்ல வாய வெச்சா அது மாட்டுட குத்தமில்ல, முன்னால போறவன்ட குத்தம்." பயிர் மேய்ந்திருந்தால் அடுத்த பொதியை ஏற்றுமுன் வயல்காரனுக்கு நட்டம் கொடுத்துவிட வேண்டும். உப்போ கருவாடோ, அவன் கேட்பதைக் கொடுக்க வேண்டும். கொடுக்காமல் போனால் திரும்பி வரும்போது அந்தக் கிராமத்தில் தண்ணீர் கிடைக்காது. அரசனின் நெல் குறைந்தால் பதில் சொல்வதும் அவர்தான். கூட வந்தவன் காய்ச்சலில் மௌத்தானால் குளிப்பாட்டிக் கபனிட்டு அடக்குவதும், அவன் பங்கைக் கொண்டுபோய் அவன் வீட்டுப் பெண்களிடம் எண்ணிக் கொடுப்பதும் அவரே. அரசன், வழியிலுள்ள ஊர், சொந்த ஜமாஅத் என்று மூன்று இடத்தில் அவர் கணக்குக் காட்ட வேண்டும். ஒன்றில் தவறினால் மற்ற இரண்டும் அவரைக் காப்பாற்றாது.

மேலே சிங்களப் பிரபுக்கள், மாகாணங்களை ஆண்ட திசாவைகள். ஊர் மட்டத்தில் விதானையும் முஹந்திரமும் எங்களவர். சிலர் இன்னும் உயரம் போனார்கள். அரண்மனை மருந்துச்சாலையில் பணிபுரிந்த கோபால முதலியார் என்ற முஸ்லிம் மருத்துவர், 1760இல் கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கனைக் கொல்லப் பிரபுக்கள் போட்ட சதியை வெளிப்படுத்தி அதற்காகக் காணி பெற்றார். ஆனால் மருத்துவரும் முஹந்திரமும் உயர்ந்தது ஒரே ஏணியில். சேவைக்குக் காணி, காணிக்குச் சேவை. இன்ன மதத்தவர் என்று யாரும் இடம் கொடுக்கவில்லை, இன்ன வேலை செய்கிறவர் என்றே கொடுத்தார்கள்.

1815 மார்ச் 2ஆம் திகதி, ராஜ்யத்தை ஆங்கிலேயர் கையில் கொடுத்த கண்டி உடன்படிக்கை கையெழுத்தானது. இரண்டு வருஷத்தில் இந்த ஏணி முறிந்தது. முறிந்த இடம் ஊவாப் பக்கத்து வெல்லஸ்ஸ.

வெல்லஸ்ஸவின் முஸ்லிம்கள் அதுவரை அங்குள்ள திசாவையான மில்லவவின் கீழ் இருந்தார்கள். ஆங்கிலேய ஆட்சி அவர்களைத் தனியே பிரித்து, தனக்கு விசுவாசமான ஹஜ்ஜி மரிக்காரை மடிகே முஹந்திரமாக நியமித்தது. மில்லவவுக்கு மரியாதையும் போனது, வரும்படியும் போனது. 1817இல், தன்னைக் கண்டி நாயக்கர் வம்சத்துத் துரைசாமி என்று சொல்லிக்கொண்ட ஒருவன் வெல்லஸ்ஸக் காட்டில் தோன்றியபோது அவனைப் பிடிக்க அனுப்பப்பட்டவர் ஹஜ்ஜி முஹந்திரம். கிளர்ச்சிக்காரர் அவரைப் பிடித்துக் கொன்றார்கள். விசாரிக்கப் போன பதுளை உதவி வதிவாளர் சில்வெஸ்டர் வில்சன் அம்பில் செத்தார். அடக்கப் போன ஊவாத் திசாவை கெப்பெட்டிப்பொல மறுபக்கம் சேர்ந்துகொண்டார். 1818 நவம்பர் 26ஆம் திகதி போகம்பறையில் அவர் தலை வெட்டப்பட்டது வரை ஊவா எரிந்தது. வயல்கள் கொளுத்தப்பட்டன, மாடுகள் அழிக்கப்பட்டன. ஊவா-வெல்லஸ்ஸக் கிளர்ச்சியின் காரணங்களை எழுதும் எந்த வரலாற்றாசிரியரும் இந்த ஒரு முஹந்திரம் நியமனத்தைத் தாண்டிப் போவதில்லை.

ஹஜ்ஜி முஹந்திரத்தை நான் துரோகி என்று சொல்லமாட்டேன், தியாகி என்றும் சொல்லமாட்டேன். என் பார்வையில் அவர் ஒரு புது வகைத் தலைவர். முன்னிருந்த முஹந்திரம் மூன்று இடத்தில் கணக்குக் காட்டினார், இவர் ஒரே இடத்தில் காட்டினால் போதும் என்று வந்தது. வழியிலுள்ள ஊருக்கு அவர் பதில் சொல்லத் தேவையில்லை என்று ஆனதும், வழியிலுள்ள ஊர் அவரைத் தன் ஆளாகக் காணவில்லை. கிளர்ச்சியின்போது கவர்னர் பிரவுன்ரிக் இதையே கண்டி மாகாணங்கள் முழுவதற்கும் பொதுவாக்கினார். 1818இன் பிரகடனம் முஸ்லிம்களைச் சிங்களத் தலைவர்களின் அதிகாரத்திலிருந்து விலக்கி நேரே அரசாங்க ஏஜென்டின் கீழ் வைத்தது. எங்களவரில் பலருக்கு அது விடுதலையாகப் பட்டிருக்கும், அதை மறுக்க முடியாது. திசாவைகளில் கொடியவர்களும் இருந்தார்கள். ஆனால் ஒரு கையெழுத்தில், தொழிலால் கண்டியரோடு சேர்ந்திருந்தவர்கள் மதத்தால் தனி வகுப்பானார்கள்.

அதன் பிறகு தொழிலும் போனது. காணிக்குச் சேவை என்ற ராஜகாரிய முறை 1832இல் ஒழிக்கப்பட்டது, மடிகேக் கடமையும் அதோடு முடிந்தது. எட்வர்ட் பார்ன்ஸ் காலத்தில் கடுகண்ணாவைப் பாறையைக் குடைந்து கொழும்பு றோட்டு மலையேறியது. அதைப் போட்ட கெப்டன் டோசனின் நினைவுக் கோபுரம் இன்றும் கடுகண்ணாவையில் நிற்கிறது. 1832இல் அந்த றோட்டில் தபால் கோச்சும் ஓடத் தொடங்கியது. பிறகு கோப்பித் தோட்டங்கள் வந்தன. ஒற்றையடிப் பாதைக்குப் பொதிமாடு, அகன்ற றோட்டுக்குக் கரத்தை. கோப்பியை இறக்கி அரிசியை ஏற்றும் கரத்தைகள் மலை றோட்டை நிறைத்தன. தவளம் உடனே செத்துவிடவில்லை. 1845 முதல் 1850 வரை குடியேற்றச் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ட், றோட்டில்லாத பகுதிகளில் எங்களவரான சோனகர் நடத்திய தவளங்களைக் கண்டு 1859இல் எழுதினார். ஆனால் நாட்டின் நடுவிலிருந்து அது விளிம்புக்குப் போய்விட்டது.

1867இல் கண்டிக்கு ரயில் வந்தது. அதே வருஷம் அமெரிக்காவில், கன்சாஸ் மாநிலத்து ஆபிலீன் என்ற சின்ன ஊரின் ரயிலடியில் ஜோசப் மெக்காய் என்ற வியாபாரி மாட்டுப்பட்டிகளைக் கட்டினான். டெக்சாசிலிருந்து மந்தைகளைச் சிஷோம் தடத்தில் ஓட்டி வந்து அங்கே ரயிலேற்றினார்கள். உலகம் அறிந்த கௌபோய் பிறந்தது அப்படித்தான். ஒரு ரயில் அங்கே மாட்டுக்காரனை உண்டாக்கிய வருஷத்தில் இன்னொரு ரயில் இங்கே மாட்டுக்காரனைக் கரைத்தது. ஆனால் அந்தக் கௌபோயின் காலமும் நீளவில்லை. முள்ளுக்கம்பியும் டெக்சாஸ் வரை நீண்ட ரயிலும் இருபது வருஷத்துக்குள் அந்த நெடும் ஓட்டத்தை முடித்துவைத்தன. தொழில் முடிந்த பிறகுதான் அவன் வீரனானான். 1883இல் பஃபலோ பில் தொடங்கிய காட்சிக் கூடாரமும் மலிவு நாவல்களும் பின்னால் வந்த சினிமாவும் அவனை ஒரு தேசத்தின் முகமாக்கின. அந்த முகம் வெள்ளை முகம். தடத்தில் மாடு ஓட்டியவர்களில் கறுப்பர் நிறையப் பேர், மெக்சிக்கர் நிறையப் பேர். தொழிலையே ஸ்பானிய மாட்டுக்காரர்களிடம்தான் வெள்ளையர் கற்றார்கள். காட்சிக்கூடாரம் பெரிதாகப் பெரிதாகக் கறுப்பரும் மெக்சிக்கரும் கதையிலிருந்து இறங்கிக்கொண்டே போனார்கள்.

நினைவில் நிற்பதற்கும் ஒரு விலை உண்டு, மறக்கப்படுவதற்கும் ஒரு விலை உண்டு. கௌபோயின் நினைவு திருத்தப்பட்டது. எங்கள் தவளக்காரனின் நினைவு எழுதப்படவே இல்லை. ஏறாவூர் முஸ்லிம் பணிக்கர்கள் மான்தோல் கயிற்றில் சுருக்குப் போட்டு யானை பிடித்த கதையாவது வெள்ளைக்காரரின் வேட்டைப் புத்தகங்களில் ஏறியது. உப்பு சுமந்ததில் வேட்டைக்காரனுக்கு என்ன சுவை இருக்கிறது? எழுதப்படாததால் வந்த வினையை எங்களவர் இருபதாம் நூற்றாண்டில் கண்டார்கள்.

கோப்பியோடும் தேயிலையோடும் தென்னிந்தியக் கரையிலிருந்து முஸ்லிம் வியாபாரிகள் மலைநாட்டு நகரங்களுக்கு வந்தார்கள். கரையோரச் சோனகர் என்று எங்களவர் சொல்வது அவர்களைத்தான். கடை போட்டார்கள், கடன் கொடுத்தார்கள், நகரத்தில் பள்ளி கட்டினார்கள். கம்பளையில் வலஹகொட தேவாலயத்தின் பெரஹெர ஊர்வலம் வழக்கமாகப் போகும் அம்பகமுவ வீதியில் 1907இல் எழுந்த பள்ளி அவர்களுடையது. பள்ளியைக் கடக்கும்போது மேளத்தை நிறுத்துவதா இல்லையா என்ற பிரச்சினை 1912இல் முற்றியது. 1914இல் கண்டி மாவட்ட நீதிபதி போல் இ. பீரிஸ், 1815 உடன்படிக்கை பௌத்தத்துக்குக் கொடுத்த உறுதியை வைத்துத் தேவாலயத்தின் பக்கம் தீர்ப்பளித்தார். 1915 பெப்ரவரியில் உயர் நீதிமன்றம் அதை மாற்றியது. அந்த வருஷம் வெசாக் இரவில், மே 28இல், கண்டி காசல் ஹில் வீதியில் ஒரு பள்ளிக்கு முன்னால் கலவரம் தொடங்கிப் பல மாகாணங்களுக்குப் பரவியது.

நூற்றாண்டுகளாகப் பெரஹெர போன பாதைகளில் எங்கள் தவளமும் போயிருக்கிறது. மேளம் வந்தால் மாட்டை ஓரம் கட்டி நிற்பது, அது போன பின் நடப்பது. வழிவிடுவதைத் தோல்வியாக யாரும் எண்ணவில்லை. அம்பகமுவ வீதியில் இரண்டு பக்கமும் நீதிமன்றத்துக்குப் போனதற்கு ஒரு காரணம், இரண்டு பக்கத்துத் தலைவர்களும் தம்மவருக்கு மட்டுமே கணக்குக் காட்டும் தலைவர்களாகிவிட்டதே. தெருவில் கல்லெறிந்த கூட்டத்துக்குக் கண்டிச் சோனகன் வேறு, கரையோரச் சோனகன் வேறு என்ற வித்தியாசம் தெரியவில்லை. கெதரப் பெயரும் காணி உறுதியும் நெற்றியில் எழுதியிருப்பதில்லை. எங்கள் ஊரில் அந்த நாட்களில் பெண்களையும் பிள்ளைகளையும் சிங்கள வீடுகளின் நெல் அட்டுவத்தில் ஒளித்துவைத்துக் காப்பாற்றினார்கள் என்று உம்மம்மா சொல்வார். காப்பாற்றியவர்கள் தவளம் தங்கிய அந்தப் பழைய வீட்டுக்காரர்களின் பிள்ளைகள் என்றும் சொல்வார். முகம் தெரிந்த இடத்தில் கை எழவில்லை. முகம் தெரியாத நகரத்தில் எழுந்தது.

2018 மார்ச் மாதம் திகன, தெல்தெனிய, அக்குறணைப் பக்கங்களில் கடைகளும் வீடுகளும் பள்ளிகளும் எரிந்தபோது அவசரகாலச் சட்டம் போட்டார்கள். அந்தக் கிழமை நான் கேட்ட பேச்சுக்களில் என்னை உறுத்தியது வசை அல்ல, கேள்வி. "இவர்கள் எங்கிருந்து வந்தவர்கள்?" என்று சிங்கள இளைஞர் கேட்டார்கள். அதற்கு எங்கள் பக்கத்து இளைஞர் சொன்ன பதிலும் உறுத்தியது. "எங்கள் மூதாதையர் அரபிகள்" என்றார்கள். கேட்டவனுக்கும் தெரியவில்லை, சொன்னவனுக்கும் தெரியவில்லை. புத்தளத்து உப்பைக் கலகெதரைக் கணவாயில் ஏற்றிக் கண்டிக்குக் கொடுத்தவன் என்பதைவிட, மூன்று அரபிகளின் பேரன் என்பது பெருமையாகப் போய்விட்டது. மார்க்கத்தில் இதனால் ஒரு அணுவும் கூடவில்லை. ஊரில் வேர் ஒன்று குறைந்தது.

பேராசிரியை லோர்னா தேவராஜா 1994இல் இலங்கை முஸ்லிம்களின் ஆயிரம் வருஷ நல்லிணக்கம் பற்றி ஒரு நூல் எழுதினார். கண்டி ராஜ்யத்து முஸ்லிம்கள் பற்றிய பகுதிகளே அதன் உயிர். அவர் சிங்களப் பெண்மணி. எங்கள் கதையை எங்களுக்கு எடுத்துச் சொன்னவர் அவர் என்பதில் எனக்கு நன்றியும் உண்டு, கொஞ்சம் வெட்கமும் உண்டு. இன்னும் எத்தனையோ வீடுகளில் சிங்களத்தில் எழுதிய பழைய உறுதிகளும் ஓலைகளும் பெட்டிக்கடியில் கிடக்கின்றன. வீட்டைத் திருத்தும்போது எறிகிறார்கள். பள்ளி நிர்வாகங்களிடம் நான் போகுமிடமெல்லாம் சொல்வது ஒன்றுதான்: மினாரத்துக்குச் செலவழிப்பதில் ஒரு சின்னப் பங்கை எடுத்து, ஊரிலுள்ள உறுதிகளை எல்லாம் படமெடுத்து வையுங்கள், சிங்களமும் தமிழும் தெரிந்த பிள்ளைகளைக் கொண்டு வாசித்து எழுதி வையுங்கள். எந்தக் காணி எந்தச் சேவைக்காக வந்தது என்று அதில் இருக்கும். பக்கத்து விகாரையின் பெயரும் அதிலேயே இருக்கும்.

தலைமை பற்றியும் இதையே சொல்வேன். இன்று எங்களவரில் தலைவர் என்று வருகிறவர் மேடையில் தன்னவருக்காகக் குரல் உயர்த்துகிறார், கொழும்பில் அமைச்சர் கதவைத் தட்டுகிறார். இரண்டும் தேவைதான். மூன்றாவது கணக்கை யாரும் கேட்பதில்லை. பக்கத்து விகாரையின் தேரர் இவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவாரா? தன் ஆள் ஒருவன் அடுத்த ஊரானின் வயலில் வாயை வைத்தால், பொலிசும் பத்திரிகையும் வருமுன் இவர் போய் நட்டத்தைக் கொடுப்பாரா? அடுத்த தேர்தலுக்கு எங்கள் ஊரில் ஓட்டுக் கேட்டு வருகிறவர் எந்தக் கட்சியாக இருந்தாலும் சரி, எந்த மதமாக இருந்தாலும் சரி, நான் கேட்கப்போவது இந்த இரண்டையும்தான்.